இல்லாத அறைகளைக் கட்டியவர்

கித்துல்கலைக்குப் போகும் சுற்றுலாப் பயணிகள் பலர் களனி கங்கையின் கரைக்கு இறங்கி ஒரு பாலத்தைத் தேடுகிறார்கள். அங்கே பாலம் இல்லை. எஞ்சியிருக்கும் சில கொங்கிரீட் அடித்தளங்களை மட்டுமே வழிகாட்டிகளால் காட்ட முடிகிறது. டேவிட் லீன் இயக்கிய ‘த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்’ திரைப்படத்துக்காக அங்கே மரத்தாலான பெரும் பாலமொன்று கட்டப்பட்டது. 1957இல், கமராக்கள் ஓடிக்கொண்டிருக்க, உண்மையான ரயிலொன்று அதன் மேல் வர, அது வெடிவைத்துத் தகர்க்கப்பட்டது.

படத்தின் கதை இலங்கையில் நடப்பதல்ல. மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட பல்லாயிரக்கணக்கான தமிழ்த் தொழிலாளர்களின் உயிரையும் குடித்த சயாம்–பர்மா ரயில் பாதையே அதன் களம். ஆனால், படத்தில் வருவது போன்ற ஆறும் பாலமும் தாய்லாந்தில் இருந்த விதம் வேறு. படம் பார்த்தவர்கள் ‘குவாய் ஆற்றுப் பாலத்தை’த் தேடி அங்கே வரத் தொடங்கியதும், 1960இல் தாய்லாந்து ஒரு முடிவெடுத்தது. உண்மையான ரயில் பாலத்தின் கீழே ஓடிய ஆற்றுப் பகுதிக்கு ‘குவாய்’ என்ற பெயர் வரும்படி பெயரையே மாற்றியது. ஒரு திரைப்படத்துக்காக இன்னொரு நாட்டின் ஆறு பெயர் மாறியது.

அந்தப் படம் 7 ஒஸ்கார் விருதுகளை வென்றது. இயக்கம், நடிப்பு, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இசை என்று எல்லாவற்றுக்கும் விருது கிடைத்தது. படத்தின் மையமே அந்தப் பாலம். ஆனால், அதை வடிவமைத்துக் கட்டிய கலைப் பிரிவுக்கு விருது மட்டுமல்ல, பரிந்துரைகூடக் கிடைக்கவில்லை.

திரைக்குப் பின்னால் உள்ள தொழில்களில் இந்தத் தொழில் அளவுக்கு எல்லோர் கண்ணிலும் பட்டும் எவர் கவனத்துக்கும் வராத தொழில் வேறு இருக்குமா என்பது சந்தேகமே. நடிகர் நிற்கும் தரை, அவருக்குப் பின்னாலுள்ள சுவர், மேசை, அதன் மேலுள்ள பேனை, ஜன்னலுக்கு வெளியே தெரியும் வானம் வரைக்கும் யாரோ ஒருவர் யோசித்து முடிவெடுத்தவை. அவர் தன் வேலையைச் சரியாகச் செய்திருந்தால், அப்படி ஒருவர் இருக்கிறார் என்ற எண்ணமே நமக்கு வராது. இந்தத் தொழிலைப் புரிந்துகொள்ள ஒருவரின் வாழ்க்கையைப் பின்தொடர்ந்து போவது நல்ல வழி. அவர் கென் அடம். ஆரம்பகால ஜேம்ஸ் பொண்ட் படங்களின் பிரமாண்டமான இரகசியத் தளங்களையும், ஸ்டான்லி குப்ரிக்கின் ‘டொக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்’ படத்தின் யுத்த அறையையும் உருவாக்கியவர். 13 வயதில் நாட்டைவிட்டு வெளியேற நேர்ந்த ஒரு யூத அகதிச் சிறுவன்.

வேலை என்ன?

தமிழ் சினிமா ரசிகர்களுக்கு ‘கலை இயக்குநர்’ என்ற பெயர் பழக்கமானது. ‘நாயகன்’ படத்துக்காக மும்பையின் தாராவியைச் சென்னையில் எழுப்பி, அதற்காகத் தேசிய விருது பெற்ற தோட்டா தரணியின் பெயர் பலருக்கும் தெரியும். ஆங்கிலப் படவுலகில் இந்தப் பொறுப்பு இரண்டாகப் பிரிந்திருக்கிறது. படத்தின் முழுத் தோற்றத்துக்கும் பொறுப்பானவர் தயாரிப்பு வடிவமைப்பாளர். அவருக்குக் கீழே கலை இயக்குநர்கள், வரைபடக் கலைஞர்கள், தளபாடங்களையும் திரைச்சீலைகளையும் தெரிவுசெய்யும் அரங்க அலங்காரிப்பாளர், தச்சர்கள், சாந்து பூசுவோர், வர்ணம் பூசுவோர் என்று ஒரு படையே இருக்கும்.

‘தயாரிப்பு வடிவமைப்பாளர்’ என்ற பட்டத்துக்கு ஒரு வரலாறு இருக்கிறது. 1939இல் வெளியான ‘கோன் வித் த விண்ட்’ படத்தில் வில்லியம் கமெரன் மென்சிஸ் என்பவர் ஏறத்தாழ ஒவ்வொரு காட்சியையும் முன்கூட்டியே வரைந்து கொடுத்தார். எங்கே கமரா நிற்கும், என்ன நிறம் மேலோங்கும் என்பதெல்லாம் அந்த வரைபடங்களில் இருந்தன. அந்தப் பங்களிப்புக்கு ‘கலை இயக்குநர்’ என்ற சொல் போதாது என்று தயாரிப்பாளர் கருதியதால் இந்தப் புதிய பட்டம் வந்தது.

வேலை பெரும்பாலும் இந்த ஒழுங்கில் நடக்கும். முதலில் திரைக்கதையைப் பிரித்து, எத்தனை இடங்கள் தேவை, எவற்றைக் கட்டுவது, எவற்றை வெளியிடத்தில் படமாக்குவது என்று முடிவெடுக்க வேண்டும். பிறகு ஆய்வு, பிறகு ஓவியம். இயக்குநர் ஓவியத்தை ஏற்றுக்கொண்டால் அது அளவுகளுடன் கூடிய கட்டட வரைபடமாக மாறும். அதை வைத்துச் செலவு கணக்கிடப்படும். செலவு கட்டுப்படியாகாது என்று தயாரிப்பாளர் சொன்னால் மறுபடியும் வரைய வேண்டும். கடைசியில் கட்டி, வர்ணம் பூசி, பழையதாகத் தெரிய வேண்டியதைப் பழையதாக்கி, படப்பிடிப்பு தொடங்கும் காலையில் ஒப்படைக்க வேண்டும். படப்பிடிப்பு முடிந்ததும் அடுத்த படத்துக்கு இடம் தேவை என்பதால் அத்தனையையும் உடைத்துவிடுவார்கள். தொலைக்காட்சித் தொடரில் இதே வேலைதான். ஆனால் அவகாசம் குறைவு, ஒரே அரங்கை மாதக்கணக்கில் வேறு வேறு கோணங்களில் காட்ட வேண்டியிருக்கும்.

ஆக, இந்தத் தொழிலில் ஓவியரும் கட்டடக் கலைஞரும் கணக்காளரும் மேற்பார்வையாளரும் ஒரே ஆளாக இருக்க வேண்டியிருக்கிறது.

பேர்லினிலிருந்து லண்டன்

கென் அடம் 1921 பெப்ரவரி 5ஆம் திகதி பேர்லினில் பிறந்தார். வீட்டார் வைத்த பெயர் கிளவுஸ் ஹூகோ அடம். அவருடைய தகப்பன் முதலாம் உலகப் போரில் ஜேர்மன் குதிரைப்படை அதிகாரியாகப் பணியாற்றியவர். விளையாட்டு உடைகளுக்குப் பெயர்போன பெரிய கடையொன்றைக் குடும்பம் பேர்லினின் மையத்தில் நடத்திவந்தது. நவீன கட்டடக்கலையும் புதுவகைச் சினிமாவும் செழித்திருந்த நகரம் அது. கோணல்மாணலான சுவர்களும் வரையப்பட்ட நிழல்களும் கொண்ட ‘டொக்டர் கலிகாரியின் அறை’ 1920இல் அங்கேதான் வெளியானது. அந்தப் படத்தின் தாக்கத்தை அடம் பிற்காலத்தில் பலமுறை குறிப்பிட்டிருக்கிறார்.

1933இல் ஹிட்லர் அதிகாரத்துக்கு வந்தார். ஜேர்மனிக்காகப் போரிட்ட தகப்பனின் சேவை குடும்பத்தைக் காப்பாற்றவில்லை. 1934இல் குடும்பம் லண்டனுக்குப் புலம்பெயர்ந்தது. பெரிய கடையின் முதலாளியாக இருந்த தகப்பன் லண்டனில் கையுறை வியாபாரத்தில் இறங்கினார். இரண்டு வருடங்களில், 1936இல், இறந்துபோனார். தாயார் ஹம்ஸ்டட் பகுதியில் தங்குவிடுதி ஒன்றை நடத்திப் பிள்ளைகளை வளர்த்தார். அங்கே தங்கியவர்களில் பலர் ஐரோப்பாவின் பல பகுதிகளிலிருந்து தப்பிவந்த அகதிகள். திரைப்பட உலகைச் சேர்ந்தவர்களும் அவர்களிடையே இருந்தார்கள்.

சினிமாவுக்கு அரங்கம் அமைக்க வேண்டும் என்ற ஆசை அந்தக் காலத்தில்தான் வந்தது. ஹங்கேரியிலிருந்து வந்து லண்டனில் கலை இயக்குநராக இருந்த வின்சென்ட் கோர்டா இளைஞனுக்கு ஓர் ஆலோசனை சொன்னார்: முதலில் கட்டடக்கலை படி. அதன்படி அடம் லண்டனின் பார்ட்லெட் கட்டடக்கலைப் பள்ளியில் படிக்கத் தொடங்கினார். கூடவே ஒரு கட்டடக்கலை அலுவலகத்தில் பயிற்சி பெற்றார். யுத்தம் நெருங்கிக்கொண்டிருந்த காலம். குண்டுவீச்சிலிருந்து தப்புவதற்கான பதுங்குமிடங்களை வடிவமைப்பதும் அந்த அலுவலகத்தின் வேலைகளில் ஒன்றாக இருந்தது. இதைக் கவனத்தில் வைத்துக்கொள்வோம். பின்னால் இது முக்கியமாகும்.

யுத்தம் தொடங்கியபோது அவர் சட்டத்தின் பார்வையில் எதிரி நாட்டவர். முதலில் அகதிகளைச் சேர்த்துக்கொண்ட பயனியர் படைப்பிரிவில் சேர்ந்தார். பிறகு பிரித்தானிய விமானப்படைக்கு மாறி, 609ஆவது படையணியில் டைஃபூன் ரகப் போர் விமானத்தின் விமானியானார். தம்பி டெனிஸும் விமானியானார். பிரித்தானிய விமானப்படையில் ஜேர்மனியில் பிறந்த போர் விமானிகள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்களே. பிடிபட்டால் யுத்தக் கைதிக்குரிய பாதுகாப்பு அவர்களுக்குக் கிடைக்கும் என்ற உத்தரவாதம் இல்லை. தேசத்துரோகியாகவும் யூதராகவும் நடத்தப்படும் ஆபத்தே அதிகம். 1944இல் நோர்மண்டித் தரையிறக்கத்துக்குப் பிந்திய சண்டைகளில் டைஃபூன் விமானங்கள் தான் பிறந்த நாட்டின் படைத் தொடரணிகள் மீது ரொக்கெட்டுகளை ஏவியபோது அடம் அந்த விமானிகளில் ஒருவராக இருந்தார்.

பென்சிலும் மைத்தூரிகையும்

யுத்தம் முடிந்த பின் 1947இல் லண்டன் ஸ்டூடியோ ஒன்றில் இளநிலை வரைபடக் கலைஞராக வேலை கிடைத்தது. மற்றவர்கள் வடிவமைத்ததை அளவு பிசகாமல் வரைந்து கொடுப்பதே வேலை. அப்படியே பத்து வருடங்களுக்கு மேல் படிப்படியாகத் தொழிலைக் கற்றார். 1956இல் வெளியான ‘அரவுண்ட் த வேர்ல்ட் இன் 80 டேஸ்’ படத்தில் பணியாற்றியபோது வில்லியம் கமெரன் மென்சிஸின் அருகிலிருந்து வேலை செய்யும் வாய்ப்புக் கிடைத்தது. நிறங்களைப் பயப்படாமல் பயன்படுத்து என்று அவர் ஊக்கப்படுத்தியதை அடம் எப்போதும் நினைவுகூர்ந்தார்.

இன்னொரு மாற்றத்துக்குக் காரணம் அவருடைய மனைவி லெட்டிசியா. இத்தாலியின் இஸ்கியா தீவில் படப்பிடிப்புக்குப் போனபோது சந்தித்து, 1952இல் மணம் முடித்தவர். அடம் அதுவரை கூர்மையான பென்சிலால் சிறிய, இறுக்கமான, துல்லியமான படங்களை வரைந்துவந்தார். அவை சரியாக இருந்தன. ஆனால் உயிர் இல்லை. கையைத் தளர்த்தி வரையச் சொல்லி மனைவி வற்புறுத்தியதால், அகன்ற முனையுள்ள மைப்பேனாவுக்கு மாறினார். அதன் பிறகு அவருடைய ஓவியங்கள் கறுப்பு வெள்ளையில் பாய்ச்சலுடன் வரும் கோடுகளாக மாறின. அறையின் அளவுகளுக்கு முன்னால் அதன் வெளிச்சமும் இருளும் தாளில் விழுந்தன. படப்பிடிப்பில் ஒளிப்பதிவாளர் எங்கே விளக்கு வைக்க வேண்டும் என்பதுகூட அந்த ஓவியத்தைப் பார்த்தால் தெரியும். ஒரு கட்டடக் கலைஞர் தயாரிப்பு வடிவமைப்பாளராக மாறும் இடம் இதுதான். கட்டடக் கலைஞர் மனிதர்கள் வாழ்வதற்கு அறை கட்டுகிறார். இவர் ஒரு கமரா பார்ப்பதற்கு அறை கட்டுகிறார்.

1962இல் முதல் ஜேம்ஸ் பொண்ட் படமான ‘டொக்டர் நோ’ தயாரானது. மொத்தப் படத்துக்கும் செலவு ஏறத்தாழ 10 இலட்சம் டொலர். இயக்குநரும் மற்றவர்களும் ஜமைக்காவில் படமாக்கிக்கொண்டிருக்க, அடம் பைன்வூட் ஸ்டூடியோவில் தனியாக விடப்பட்டார். கேட்க ஆள் இல்லாததால் தன் விருப்பத்துக்குக் கட்டினார். வில்லனின் நிலக்கீழ் வீட்டில் பழைமையான தளபாடங்களுக்குப் பக்கத்தில் பெரிய மீன் தொட்டி ஒன்று இருக்கும். அதற்கென வாங்கிய படச்சுருளில் இருந்தவை சிறிய மீன்கள். திரையில் அவை பெரிதாகத் தெரிந்தன. திருத்தப் பணம் இல்லை. ஆகவே, கண்ணாடி உருப்பெருக்கிக் காட்டுகிறது என்று ஒரு வசனத்தைச் சேர்த்துச் சமாளித்தார்கள்.

இன்னொரு அறைக்குச் சொற்பப் பணமே மிஞ்சியிருந்தது. அடம் அந்த அறையில் ஏறத்தாழ எதையும் வைக்கவில்லை. சாய்ந்த கூரை, அதில் வட்டமான பெரிய திறப்பு, குறுக்கே கம்பிவலை, அதன் நிழல் தரையில், நடுவே ஒரு கதிரை. முகம் காட்டாத வில்லனின் குரல் மட்டும் மேலிருந்து வரும். அந்தக் காட்சியில் உட்கார்ந்திருப்பவர் பயந்து நடுங்குவதற்கு வேறு எதுவும் தேவைப்படவில்லை. காசு இல்லாததால் பிறந்த அந்த அறை, அதிகாரத்தின் முன் தனியாக நிறுத்தப்படும் மனிதனைக் காட்டும் மிகச் சிறந்த திரைப்பட அறைகளில் ஒன்று.

யுத்த அறை

‘டொக்டர் நோ’வைப் பார்த்த ஸ்டான்லி குப்ரிக் அடமை அழைத்தார். அமெரிக்கத் தளபதி ஒருவர் புத்தி பேதலித்து சோவியத் ஒன்றியத்தின் மீது அணுகுண்டு வீசக் கட்டளையிடுகிறார். விமானங்களைத் திருப்பி அழைக்க முடியவில்லை. ஜனாதிபதியும் தளபதிகளும் ஓர் அறையில் கூடி உலகத்தின் முடிவைப் பற்றி விவாதிக்கிறார்கள். 1964இல் வெளியான ‘டொக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்’வின் கதை இது. கியூபா ஏவுகணை நெருக்கடி நடந்து சில மாதங்களே ஆகியிருந்த காலத்தில் அதை நகைச்சுவையாக எடுக்க குப்ரிக் துணிந்தார்.

அடம் முதலில் இரண்டு தளங்கள் கொண்ட, அரைவட்ட அரங்கம் போன்ற ஒரு யுத்த அறையை வரைந்தார். குப்ரிக்குக்குப் பிடித்திருந்தது. வேலை தொடங்கிச் சில வாரங்களின் பின் அவர் மனம் மாறினார். மேல்தளத்தில் அத்தனை துணை நடிகர்களை உட்கார வைத்து என்ன செய்வது என்பது அவருடைய கேள்வி. அடம் நொந்துபோனார், மறுபடியும் வரையத் தொடங்கினார். பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்த குப்ரிக், முக்கோண வடிவம் தாளில் தோன்றியதும் பிடித்துக்கொண்டார். சாய்ந்த இரண்டு பெரும் சுவர்கள் மேலே சந்திக்கும் வடிவம் அது. கொங்கிரீட்டாலான பாரிய பதுங்குகுழி போல அது இருக்க வேண்டும் என்று இருவரும் முடிவு செய்தார்கள். லண்டனில் பதுங்குமிடங்களை வரைந்து பழகிய கை அது என்பதை நாம் மறக்கக் கூடாது.

ஷெப்பர்ட்டன் ஸ்டூடியோவில் எழுந்த அந்த அரங்கம் ஏறத்தாழ 130 அடி நீளமும் 100 அடி அகலமும் கொண்டது. தரை கறுப்பு; கண்ணாடி போல் பளபளப்பானது. நடுவே பெரிய வட்ட மேசை. மேசைக்கு மேலே அதே வட்டத்தில் தொங்கும் விளக்கு வளையம். அந்த வளையமே நடிகர்களின் முகங்களுக்கு வெளிச்சம் தரும்படி, அதன் உயரத்தையும் கோணத்தையும் குப்ரிக்கும் அடமும் மீண்டும் மீண்டும் சோதித்துப் பார்த்தார்கள். வழக்கமாகக் கமராவுக்கு வெளியே நிற்கும் விளக்கு, இங்கே அரங்கத்தின் ஒரு பகுதியாகவே மாறியது.

மேசையின் மேல் பச்சைத் துணி விரிக்க வேண்டும் என்று குப்ரிக் கேட்டுக்கொண்டார். படமோ கறுப்பு வெள்ளை. பச்சை எந்தப் பார்வையாளருக்கும் தெரியப்போவதில்லை. ஆனால், நடிகர்களுக்குத் தெரியும். தாங்கள் சூதாட்ட மேசையைச் சுற்றி அமர்ந்து உலகத்தின் தலைவிதியைப் பந்தயம் கட்டுகிறோம் என்ற உணர்வு அவர்களுக்கு வர வேண்டும் என்பது நோக்கம்.

சுவரில் மாட்டிய உலக வரைபடங்களில் குண்டுவீச்சு விமானங்களின் பாதைகள் சிறு விளக்குகளாக மின்னும். பின்னால் இருந்த மின்குமிழ்களின் சூட்டில் வரைபடத்தின் புகைப்படத் தாள் கொப்பளித்து உரியத் தொடங்கியது. அதைக் குளிர்விக்கக் காற்றுச் சாதனங்களைப் பொருத்த நேர்ந்தது. இந்தத் தொழிலின் பெரும்பகுதி இப்படிப்பட்ட சிக்கல்களிலேயே கழிகிறது. தாளில் ஒரு மணி நேரத்தில் பிறக்கும் வடிவத்தை நிற்கவைக்க வாரக்கணக்கில் பலர் உழைக்க வேண்டும்.

அதே படத்துக்கு பி-52 குண்டுவீச்சு விமானத்தின் உட்புறமும் தேவைப்பட்டது. கதையின் தன்மை காரணமாக அமெரிக்க இராணுவத்திடமிருந்து உதவி கிடைக்கவில்லை. விமானத் துறைச் சஞ்சிகைகளிலும் நூல்களிலும் வெளியான படங்களை வைத்து ஊகித்துக் கட்டினார்கள். அரங்கத்தைப் பார்க்க வந்த அமெரிக்க விமானப்படையினர், இரகசியமாக இருந்திருக்க வேண்டிய கருவி ஒன்று அங்கே அப்படியே இருப்பதைக் கண்டு திகைத்தார்கள். அடுத்த நாள் குப்ரிக் பதறிப்போய், தகவல்களை எங்கிருந்து எடுத்தீர்கள் என்று அடமிடம் விளக்கம் கேட்டார்.

யுத்த அறையைப் பற்றி ஒரு கதை இன்றுவரை சொல்லப்படுகிறது. ரொனால்ட் ரீகன் ஜனாதிபதியாகி வெள்ளை மாளிகைக்கு வந்ததும், யுத்த அறை எங்கே என்று கேட்டாராம். இதற்கு உறுதியான ஆதாரம் கிடையாது. ஆனாலும், பலர் இதை நம்புகிறார்கள் என்பதே கவனிக்க வேண்டிய விடயம். உலகத்தை அழிக்கும் முடிவு எடுக்கப்படும் அறை எப்படியிருக்கும் என்று கேட்டால், நம்மில் பலருடைய மனதில் வருவது அடம் கட்டிய அறைதான். உண்மையான அறைகளை நமக்கு யாரும் காட்டுவதில்லை. அவை பெரும்பாலும் தாழ்ந்த கூரையும் சாதாரண மேசையும் கொண்ட சலிப்பூட்டும் அலுவலக அறைகள். அந்தச் சலிப்பை அப்படியே காட்டியிருந்தால், அங்கே எடுக்கப்படும் முடிவின் பயங்கரம் நமக்கு உறைத்திருக்காது. அடம் பிரதி எடுக்கவில்லை; அதிகாரம் தன்னைப் பற்றி வைத்திருக்கும் கற்பனையைக் கட்டிக்காட்டினார். அந்தப் பிரமாண்டத்தின் நடுவே மனிதர்கள் சிறுபிள்ளைகளைப் போலச் சண்டை பிடிக்கும்போது சிரிப்பும் வருகிறது, பயமும் வருகிறது.

பொய்யை நம்பவைத்தல்

அதே 1964இல் வெளியான ‘கோல்ட்ஃபிங்கர்’ படத்திலும் இதே அணுகுமுறைதான். அமெரிக்காவின் தங்கம் வைக்கப்பட்டுள்ள ஃபோர்ட் நொக்ஸ் களஞ்சியத்துக்குள் படக்குழுவை அனுமதிக்கவில்லை. தங்கம் எடை மிக்கது. உண்மையான களஞ்சியங்களில் அதை உயரமாக அடுக்குவதில்லை. அடமோ தங்கக் கட்டிகளை விண்ணுயர அடுக்கி, முன்னால் சிறைக் கம்பிகளைப் போட்டு, தங்கத்துக்கான தேவாலயம் போல ஒன்றைக் கட்டினார். படம் வெளியானதும், ஜனாதிபதிக்கே எளிதில் திறக்காத இடத்துக்குள் படக்குழுவை எப்படி விட்டீர்கள் என்று கேட்டு இரசிகர்களிடமிருந்து கடிதங்கள் வந்தன.

1967இல் வெளியான ‘யூ ஒன்லி லிவ் ட்வைஸ்’ படத்துக்காக ஜப்பானின் கியூஷூ தீவில் ஹெலிகொப்டரில் இடம் தேடியபோது எரிமலைப் பள்ளங்கள் கண்ணில் பட்டன. வில்லனின் ரொக்கெட் தளம் எரிமலைக்குள் இருந்தால் என்ன? 10 இலட்சம் டொலருக்குள் முடியுமானால் செய் என்றார் தயாரிப்பாளர். ஐந்து வருடங்களுக்கு முன் ஒரு முழுப் படத்துக்கு ஆன செலவு இப்போது ஒரே அரங்கத்துக்கு. ஒத்துக்கொண்ட பிறகுதான் தனக்குத் தூக்கமில்லாத இரவுகள் தொடங்கின என்று அடம் சொல்லியிருக்கிறார். ஏறத்தாழ 700 தொன் உருக்கு அதற்குத் தேவைப்பட்டது. உள்ளே ஓடும் ரயில், ஹெலிகொப்டர் இறங்கும் மேடை, மேலே நகரும் மூடி எல்லாம் உண்மையில் இயங்கின. படம் முடிந்ததும் அதுவும் பிரிக்கப்பட்டு உருக்காகவே திரும்பிப் போனது.

இந்த வெற்றிகளுக்கு ஒரு விலை இருந்தது. அதை அவர் கொடுத்தது பிரமாண்ட அரங்கம் ஒன்றுக்காக அல்ல. குப்ரிக்கின் ‘பெரி லின்டன்’ 18ஆம் நூற்றாண்டுக் கதை. ஸ்டூடியோ அரங்கங்கள் வேண்டாம், அயர்லாந்திலும் இங்கிலாந்திலும் உள்ள உண்மையான மாளிகைகளிலேயே எடுக்க வேண்டும் என்றார் குப்ரிக். இரவுக் காட்சிகள் மெழுகுவர்த்தி வெளிச்சத்திலேயே படமாயின. ஒவ்வொரு சிறு விடயத்தையும் கேள்விக்குட்படுத்தும் இயக்குநருடன் நாள் முழுவதும் வாதாடி, தான் பொறுப்பேற்காத தவறுகளையும் தன் தலையில் சுமந்து, அடம் மனதளவில் நொறுங்கிப்போனார். நரம்புத் தளர்ச்சிக்குச் சிகிச்சை பெற வேண்டியிருந்தது. 1976இல் அந்தப் படத்துக்காக அவருக்கும் சகாக்களான ரோய் வோக்கர், வேர்னன் டிக்சன் ஆகியோருக்கும் ஒஸ்கார் கிடைத்தது. அவருடைய முதல் ஒஸ்கார், அவர் பெரும்பாலும் எதையும் கட்டாத ஒரு படத்துக்குக் கிடைத்தது. அதன் பிறகு குப்ரிக்கின் எந்தப் படத்திலும் அவர் பணியாற்றவில்லை.

ஆனால் நட்பு முறியவில்லை. 1977இல் வெளியான ‘த ஸ்பை ஹூ லவ்ட் மீ’ படத்தில் நீர்மூழ்கிக் கப்பல்களை விழுங்கும் ராட்சத எண்ணெய்க் கப்பலின் உட்புறத்தைக் கட்ட அடமுக்கு எந்த ஸ்டூடியோவும் போதவில்லை. ஆகவே, பைன்வூட்டில் அதற்கெனவே புதிய மண்டபம் ஒன்று கட்டப்பட்டது. ‘007 மண்டபம்’ என்று இன்றும் அழைக்கப்படுவது அதுதான். அத்தனை பெரிய இடத்துக்கு எப்படி வெளிச்சம் கொடுப்பது என்று தெரியாமல் அடம் குப்ரிக்கிடம் உதவி கேட்டார். யாருக்கும் தெரியக் கூடாது என்ற நிபந்தனையுடன், ஆளில்லாத நேரத்தில் வந்து பார்த்து, எங்கே விளக்கு வைக்கலாம் என்று குப்ரிக் சொல்லிக்கொடுத்தார். அந்த மண்டபம் 1984இலும் 2006இலும் தீப்பிடித்து எரிந்து, இரண்டு முறையும் மறுபடி கட்டப்பட்டது.

திரும்பிப் போன வரைபடங்கள்

1994இல் வெளியான ‘த மட்னஸ் ஒஃப் கிங் ஜோர்ஜ்’ படத்துக்காக அடுத்த வருடம் அடமுக்கு இரண்டாவது ஒஸ்கார் கிடைத்தது. 2001இல், 80 வயதில், ஹங்கேரிய இயக்குநர் இஸ்த்வான் சாபோவின் ‘டேக்கிங் சைட்ஸ்’ படத்துக்கு வடிவமைத்தார். யுத்தத்தில் தோற்று இடிந்துகிடக்கும் பேர்லின்தான் அதன் களம். நாஸிகளின் காலத்தில் நாட்டைவிட்டுப் போகாமல் இசை நடத்திய ஃபூர்ட்வெங்லரை அமெரிக்க அதிகாரி ஒருவர் விசாரிப்பதே கதை. தங்கியிருந்த கலைஞனின் கதைக்கான அறையை, வெளியேற்றப்பட்ட கலைஞன் கட்டிக்கொடுத்தார்.

2003இல் பிரித்தானியா அவருக்கு ‘சேர்’ பட்டம் வழங்கியது. திரைப்படத் துறைக்கான சேவையுடன் பிரித்தானிய–ஜேர்மன் உறவுக்கான பங்களிப்பும் அதில் குறிப்பிடப்பட்டது. 2012இல் தன் வாழ்நாள் முழுவதும் வரைந்த ஆயிரக்கணக்கான ஓவியங்களை அவர் ஒப்படைத்தது லண்டனுக்கு அல்ல, பேர்லினிலுள்ள ஜேர்மன் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு. தன்னைத் துரத்திய நகரத்துக்கே அவை போய்ச் சேர்ந்தன. 2016 மார்ச் 10ஆம் திகதி லண்டனில் தன் 95ஆவது வயதில் காலமானார்.

இன்று அரங்கத்தின் பாதியைக் கணினி கட்டுகிறது. நடிகர்களுக்குப் பின்னால் ஒளிரும் திரைச் சுவரில் பாலைவனமும் விண்வெளியும் தோன்றுகின்றன. 700 தொன் உருக்கு வாங்க இப்போது எந்தத் தயாரிப்பாளரும் எளிதில் சம்மதிக்கமாட்டார். ஆனால் வேலையின் சாரம் மாறவில்லை. இந்தக் கதையில் வரும் மனிதர்கள் எப்படிப்பட்ட அறையில் நின்றால் அவர்களைப் பற்றிய உண்மை வெளிப்படும் என்ற கேள்விக்கு ஒருவர் முதலில் விடை காண வேண்டும். அதற்குக் கணினியும் உதவும், பென்சிலும் போதும்.

அதிகாரத்தின் அறைகள் எப்போதும் மூடியே இருக்கின்றன. யார் உள்ளே இருக்கிறார்கள், எந்த மேசையைச் சுற்றி என்ன பேசுகிறார்கள் என்பது அதன் விளைவுகளை அனுபவிப்பவர்களுக்குக் கடைசியாகவே தெரியவருகிறது. பல வேளைகளில் தெரியவருவதே இல்லை. அப்படி ஒரு முடிவால் 13 வயதில் வீட்டை இழந்த ஒருவர், அந்த அறைகளின் உள்ளே போக வழியில்லாதபோது, அவற்றைத் தானே கட்டி, கதவைத் திறந்து, நம்மை உள்ளே அழைத்துப்போனார். அவர் இப்படி நினைத்துக் கட்டினாரோ தெரியாது. அந்தப் படங்களை இன்று பார்க்கும்போது எனக்கு அப்படித்தான் தோன்றுகிறது.

அடுத்த முறை படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கும்போது, எழும்பிப் போவதற்கு முன் ஒரு நிமிடம் பொறுத்துப் பார்க்கலாம். கித்துல்கலைப் பாலத்தைக் கட்டியவர்களைப் போல, உடைக்கப்படும் என்று தெரிந்தும் ஒவ்வொரு ஆணியையும் சரியாக அடித்தவர்களின் பெயர்கள் அங்கே சிறிய எழுத்தில் இருக்கும்.